கட் சொன்ன பிறகு

நான் ஒளிப்பதிவு செய்ததாக வெளியே நாலு பேருக்குத் தெரிந்த படம் ஒன்றே ஒன்றுதான். அதில் நான் எடுக்க நினைத்த காட்சி ஒன்றுகூட இல்லை. இதை நெடுங்காலம் யாரிடமும் நான் சொன்னதில்லை. மனைவிக்குத் தெரியும். ஆனால் என்னைப் பற்றி அவளுக்குத் தெரிந்தவற்றில் நான் சொல்லித் தெரிந்தது என்று எதுவும் கிடையாது. எல்லாம் அவளாகக் கண்டுபிடித்தவை.

இரண்டாயிரத்துக்குப் பிறகான அந்த முதல் சில வருடங்களில் நான் ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் தரப் பரிசோதகன். லேத்தில் கடைந்து வரும் இரும்பு உருளைகளை மைக்ரோமீட்டரில் அளக்க வேண்டும். தலைமுடியின் தடிமனில் கால்வாசி கூடியிருந்தாலும் சிவப்பு சாக்பீஸால் ஒரு பெருக்கல் குறி போட்டு ஓரம் தள்ள வேண்டும். அடுத்தவர் தப்பைக் கண்டுபிடிப்பதற்கு மாதச் சம்பளம். பதினோரு வருடம் இதைச் செய்த ஒருவனுக்குத் தன் தப்பும் கண்ணில் படும் என்று நீங்கள் நினைக்கலாம். நானும் நினைத்திருந்தேன்.

சனிக்கிழமைகளில் பஸ் ஏறி, அத்திப்பள்ளி நெரிசலில் ஒரு மணி நேரம் வெந்து, பெங்களூரில் ஒரு திரைப்படச் சங்கத்துக்குப் போவேன். அங்கே காட்டும் படங்களில் ஒருவர் கதவைத் திறப்பாரா மாட்டாரா என்பதிலேயே அரை மணி நேரம் போகும். திறந்தாலும் உள்ளே ஒன்றும் இருக்காது. பக்கத்து நாற்காலிக்காரர்கள் பெருமூச்சு விடும் இடங்களைக் கவனித்து நானும் விடுவேன். பிறகு புத்தகங்கள் வாங்கினேன். வெளிச்சம் பற்றி, நிழல் பற்றி, நிழலுக்குள் இருக்கும் நிழல் பற்றி. இரண்டு வருடத்தில் கேமராவைத் தொடாமலே ஒளிப்பதிவாளனாகிவிட்டேன்.

அந்த நிலையில்தான் ஒரு வருடம் சம்பளமில்லா விடுப்புக்கு எழுதிக் கொடுத்தேன். காரணம் என்ற இடத்தில் ‘குடும்பச் சூழ்நிலை’ என்று போட்டிருந்தேன். மனைவி கான்வென்ட் பள்ளியில் கணக்கு டீச்சர். விண்ணப்பத்தின் நகலைப் படித்துவிட்டு, எந்தக் குடும்பத்துச் சூழ்நிலை என்று கேட்டாள். அப்புறம் பேப்பர் திருத்துகிற பேனாவை மூடி வைத்துவிட்டுச் சொன்னாள்:

“ஒரு வருஷம் போதும்ங்க. அதுக்குள்ள நீங்க கேமராக்காரரா இல்லையான்னு தெரிஞ்சிடணும். எனக்கில்ல, உங்களுக்கு.”

தொழிற்சாலை சொன்னதும் ஏறக்குறைய அதேதான். வருடம் முடிகிற அன்று வேலைக்கு வந்து நிற்க வேண்டும். வராவிட்டால் அந்த இடம் வேறொருவருக்கு.

ஒரே ஒரு படம். அது தேறினால் நான் ஒளிப்பதிவாளன், தேறாவிட்டால் சாக்பீஸ். கணக்கு அவ்வளவு சுத்தமாக இருந்தது.

கதையை ஆயுத பூஜை நாளில் வைத்தேன். காரணம் கலை அல்ல. ஓசூரில் எந்தத் தொழிற்சாலையும் மற்ற நாளில் கேமராவைக் கேட்டுக்குள் விடாது. ஆயுத பூஜையன்று மட்டும் எல்லாம் தலைகீழ். மெஷின்களை நிறுத்திக் கழுவி, சந்தனம் குங்குமம் வைத்து, வாழைக்கன்று கட்டி, குடும்பத்தோடு வரச் சொல்வார்கள். வருடம் பூராவும் ஷூ போடாமல் உள்ளே கால் வைத்தால் மெமோ கொடுக்கிற இடத்தில், அன்றைக்கு மேனேஜர் உட்பட எல்லாரும் வெறுங்காலோடு நடப்பார்கள். ஆளாளுக்குத் தன் மெஷினைப் பெண்டாட்டி பிள்ளைகளுக்கு அறிமுகம் செய்வார்கள். ‘இதாம்மா நம்ம மெஷின்.’ அந்த அம்மாளும் வணக்கம் வைக்காத குறையாக நிற்பார்.

என் கதையில் லேத் ஓட்டும் ஒரு டர்னர். தனி ஆள். எல்லார் மெஷினுக்கும் குடும்பம் வந்திருக்க, இவர் லேத்தைப் பார்க்க யாரும் வரவில்லை. கடைசியில் அவர் லேத்திடமே பேசுகிறார்: “இன்னிக்கு உன்னைப் பார்க்க யாரும் வரலை.” படத்தில் வசனம் அவ்வளவுதான். மீதியெல்லாம் நிழலுக்குள் இருக்கும் நிழல்.

நடிக்க எங்கள் தொழிற்சாலையின் நிஜ டர்னர் ஒருவரையே கேட்டேன். திருநெல்வேலிப் பக்கத்துக்காரர், மூக்கண்டப்பள்ளியில் ஒரு லைன் வீட்டில் குடித்தனம். அவர் கடைந்த உருளைகளில் பதினோரு வருடத்தில் நான் நாலோ ஐந்தோதான் பெருக்கல் குறி போட்டிருப்பேன். அதிகம் பேச மாட்டார். கேட்டதும் ஒத்துக்கொண்டார். படத்தில் தனி ஆள் என்பதால் அன்றைக்குத் தன் மனைவியையும் இரண்டு பெண்களையும் கேட்டுக்கு வெளியே மரத்தடியிலேயே உட்கார வைத்துவிட்டார். வருடத்தில் ஒரே நாள் அவர்கள் உள்ளே வந்து லேத்தைப் பார்க்கலாம். அந்த நாளை என் கலை எடுத்துக்கொண்டது. ‘நீங்க முடிச்சிட்டுக் கூப்பிடுங்க சார், அதுக்குள்ள பூஜை முடியாதுல்லா’ என்றார். முடிந்துவிட்டது.

கேமரா கிருஷ்ணகிரியில் கல்யாண வீடியோ எடுக்கும் ஒருவரிடம் இரவல் வாங்கியது. சின்ன கேசட்டில் பதிகிற வகை. கேமராவின் முன்னால் இருந்த சிவப்பு விளக்கின் மேல் கறுப்பு இன்சுலேஷன் டேப் ஒட்டியிருந்தது. ஏன் என்று கேட்டேன்.

“லைட்டைப் பாத்தா சாப்புடறவங்க கை வாய்க்குப் போகாம நடுவுல நின்னுடுதுண்ணா. பந்தி முழுக்க சிலை மாதிரி உக்காந்துனு இருப்பாங்க. இப்பப் பாருங்க, ஓடுதா இல்லையான்னு ஒருத்தனுக்கும் தெரியாது.”

அந்த ஒருத்தனில் நானும் சேர்வேன் என்று எனக்குத் தோன்றவில்லை. இன்னொரு கட்டளையும் போட்டார்: எடுத்து முடிக்கும் வரை கேசட்டைப் பின்னால் ஓட்டிப் பார்க்கக் கூடாது. அப்படிப் பார்த்த ஒரு மாமன் மகன் தாலி கட்டுகிற இடத்தின் மேல் சாம்பார் வாளியைப் பதிந்துவிட்டானாம்.

இத்தனைக்குப் பிறகும் ஒரு பாதுகாப்பு இருந்தது. கண் வைத்துப் பார்க்கும் துவாரத்துக்குள் ‘பதிவாகிறது’ என்பதற்கு எழுத்து தெரியும். அதை நானே அணைத்தேன். முதல் காரணம், அந்த எழுத்து படத்திலும் விழுந்துவிடுமோ என்ற பயம். இரண்டாவது, எழுத்து நிற்கிற சட்டகம் தூய சட்டகம் ஆகாது என்று ஒரு புத்தகத்தில் படித்த ஞாபகம். புத்தகத்தில் அப்படி இருந்ததா என்று அப்புறம் தேடினேன். இல்லை.

அன்றைக்குக் காலையில், கேட்டுக்குள் நுழையும்போது, சரிபார்க்க ஒரு தடவை பொத்தானை அழுத்தினேன். மறுபடி அழுத்தி நிறுத்தியதாக நினைத்தேன். அந்த இரண்டாவது அழுத்தல்தான் நடக்கவில்லை. அப்புறம் நான் ‘ஆக்‌ஷன்’ சொல்லி அழுத்தும்போதெல்லாம் கேமரா நின்றது. ‘கட்’ சொல்லி அழுத்தும்போதெல்லாம் ஓடியது. மத்தியானம் பொரி கடலை கொடுக்கிற வரைக்கும் இப்படியே போயிற்று.

எனக்கு அன்று இருந்த ஒரே கவலை டர்னர்தான். ஆக்‌ஷன் என்றதும் விறைத்துவிடுவார். கொடிக்கம்பம் பக்கத்தில் இன்னொரு கொடிக்கம்பம் நட்டது போல லேத் அருகில் நிற்பார். வசனத்தை வருகைப் பதிவேடு வாசிக்கிற மாதிரி சொல்வார். எட்டு தடவை எடுத்தேன். ஒவ்வொரு தடவையும் மனம் வெறுத்து கட் சொல்வேன். சொன்ன அடுத்த நிமிடம் அவர் மனுஷனாகிவிடுவார். பஞ்சு வேஸ்ட்டை எடுத்து லேத்தைத் துடைப்பார், கீழே உட்கார்ந்து அதன் காலடியில் உதிர்ந்த பூவைப் பொறுக்குவார், தானாக ஏதோ முணுமுணுப்பார். ஒத்திகை பார்க்கிறார் பாவம் என்று நினைத்துக்கொண்டு, கேமராவைக் கையில் தொங்கப் போட்டபடி அடுத்த கோணம் தேடி அலைவேன்.

வீட்டுக்கு வந்து டிவியில் போட்டுப் பார்த்தேன். தரை. வெறுங்கால்கள். கோலத்தின் ஓரம். தலைகீழாக ஒரு வாழைக்கன்று. மறுபடி தரை. யாரோ ஒரு குழந்தை கேமராவுக்குள் எட்டிப் பார்த்து மூக்கை மட்டும் விட்டுச் சென்றது. சரி, நடுவில் எங்காவது நம் காட்சி வரும் என்று எழுபது நிமிடம் உட்கார்ந்திருந்தேன். என் குரல் ‘ஆக்‌ஷன்’ என்னும். உடனே வெட்டி, ‘கட்’ என்று முடிகிற குரல் கேட்கும். இடையில் இருக்க வேண்டிய அத்தனையும் இந்த உலகத்தில் எங்கேயும் இல்லை.

மனைவி விடைத்தாள் கட்டோடு வந்து எட்டிப் பார்த்தாள்.

“இது எப்ப ஆரம்பிக்கும்?”

“ஆரம்பிச்சாச்சு.”

அவள் விடைத்தாள்களைத் திருத்த உட்கார்ந்தாள். அடுத்த ஆயுத பூஜைக்கு இன்னும் ஒரு வருடம் இருந்தது; என் விடுப்பில் எட்டு மாதம்தான் பாக்கி.

இரண்டு வாரம் ஒன்றும் புரியாமல் அந்தத் தரையைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். பார்க்கப் பார்க்க ஒரு குரல் கேட்க ஆரம்பித்தது. சட்டகத்துக்கு வெளியிலிருந்து, தாழ்ந்த குரலில், டர்னருடையது. “இன்னைக்கு ஒன்னையப் பாக்க ஒருத்தரும் வரலியே. நான் மட்டும் வேட்டி கட்டிட்டு வந்திருக்கேன், பாத்தியா.” வேட்டி சமாச்சாரம் என் வசனத்தில் கிடையாது. கேமரா அப்போது அவர் பாதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. பெருவிரல் லேத்தின் இரும்புக் காலை லேசாக ஒரு தட்டுத் தட்டியது, தூங்குகிறவரை எழுப்புகிற மாதிரி. இது நன்றாக இருக்கிறதா, அல்லது நான் பயத்தில் இருக்கிறேனா என்று எனக்குத் தெரியவில்லை. மைக்ரோமீட்டர் வைத்து அளக்கிற சாமானும் இல்லை அது. பெங்களூரில் ஒரு கம்ப்யூட்டர் கடையில் உட்கார்ந்து பதினெட்டு நிமிடமாக வெட்டி ஒட்டி, திரைப்படச் சங்கத்தில் கொடுத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் பஸ் ஏறினேன்.

காட்டினார்கள். முடிந்ததும் யாரும் எழுந்திருக்கவில்லை. முதலில் பெருமூச்சு வந்தது. வரவேண்டிய இடத்தில் வந்ததா என்று சரிபார்க்கும் நிலையில் நான் இல்லை. பிறகு கேள்விகள். உழைப்பாளியின் முகத்தைக் காட்ட மறுத்தது ஏன்? காலணி இல்லாத கால்களின் அரசியல் என்ன? ‘கட்’ என்ற சொல்லை அப்படியே விட்டுவைத்தது சினிமாவின் அதிகாரத்தைக் கேலி செய்யவா? நான் தலையை மேலும் கீழுமாகவும் இல்லாமல் பக்கவாட்டிலும் இல்லாமல் ஒரு மாதிரி ஆட்டினேன். அதைத் தன்னடக்கம் என்று எடுத்துக்கொண்டார்கள். உண்மையைச் சொல்ல இரண்டு தடவை வாயைத் திறந்தேன். இரண்டு தடவையும் வேறு யாரோ கை தட்டினார்கள்.

கூட்டம் கலைந்த பிறகு ஒரு கன்னட இயக்குநர் வந்தார். என்னைவிடப் பத்து வயது இளையவர். தன் முதல் படத்துக்கு ஒளிப்பதிவு செய்ய முடியுமா என்று கேட்டார். தமிழ் கொஞ்சம் தெரியும். “நீங்க கேமராவ மறந்துட்டு எடுத்திருக்கீங்க சார்” என்றார். அந்தப் படத்தைப் பற்றி இதுவரை வந்த விமரிசனங்களில் அது ஒன்றுதான் துல்லியமானது.

மூக்கண்டப்பள்ளியிலும் ஒரு காட்சி நடந்தது, டர்னர் வீட்டில், டிவிடி போட்டு. அவர் மனைவி பட்டுப்புடவையில் முன்வரிசையில். லைன் வீட்டார் எல்லாரும் கால்களை வைத்தே ஆட்களைக் கண்டுபிடித்துக் கூவினார்கள். கட்டை விரல் நசுங்கிய ஒருவருக்கு ஏகப்பட்ட கைதட்டல். அந்த அம்மாள் மட்டும் கடைசி வரை பார்த்துவிட்டு, இதில் இவர் லேத் எது என்று கேட்டார். அதன் காலை மட்டும் காட்ட முடிந்தது. இது புது மாதிரிப் படம், முகம் காட்டாமல் எடுப்பது என்று டர்னரிடம் விளக்கினேன். விளக்கும்போது என் காது சுட்டது. அவர், “நல்லா வந்திருக்கு சார். குரலு நல்லா விழுந்திருக்கு” என்றார். மரியாதைக்குச் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன்.

விடுப்பு முடிய ஒரு வாரம் இருந்தது. என்ன செய்ய? நான் கேமராக்காரன் என்று பெங்களூரில் ஒரு அறை நிறைய ஆட்கள் சொல்கிறார்கள். இல்லை என்று சொல்லக்கூடியவன் நான் ஒருவன்தான். என்னிடம் இருந்த ஆதாரத்தையும் நானே வெட்டி ஒட்டியிருந்தேன். மனைவியிடம் கேட்டேன். ‘தப்பான ஸ்டெப்ல சரியான விடை வந்தா நான் பாதி மார்க்தான் போடுவேன்’ என்றாள். பாதி மார்க்கைப் பாஸ் என்று நானாக முடிவு செய்து, ராஜினாமா எழுதிக் கொடுத்தேன்.

கன்னடப் படத்தின் முதல் படப்பிடிப்பு சாமல்பட்டி ஸ்டேஷனுக்கு வெளியே, தண்டவாளத்தை ஒட்டிய ஒரு புளியமரத்தடியில். ஒரு பெண் யாருக்கோ காத்திருக்கிறாள். இயக்குநருக்கு அந்தத் தரை வேண்டும், அந்தத் தொங்கல் வேண்டும், அந்த மறதி வேண்டும். நானும் கேமராவைத் தொங்கவிட்டு நடந்தேன். பார்த்தால், ஒருவர் கேமராவைத் தொங்கவிட்டு நடக்கிற மாதிரி இருந்தது. இரண்டாம் நாள் வேறு யோசனையில் இருந்தால் வரும் என்று பழைய ரிஜக்‌ஷன் கணக்குகளை மனதுக்குள் கூட்டிக்கொண்டே எடுத்தேன். வரவில்லை. மூன்றாம் நாள் பொத்தானைப் பார்க்காமல் அழுத்துவது என்று முடிவெடுத்தேன். ஓடுகிறதா இல்லையா என்று தெரியாமல் இருந்தால்தானே அது. அன்றைக்கு ஒரு நீளமான கூட்ஸ் வண்டி அந்தப் பெண்ணின் பின்னால் கடந்து போனது. வெயில் பெட்டிகளுக்கு இடையில் விட்டுவிட்டு அவள் முகத்தில் விழுந்தது. என் வாழ்க்கையில் நான் கண்ணால் பார்த்த மிக நல்ல ஒளி அதுதான். பதியவில்லை.

பதிந்த மிச்சத்தை இயக்குநர் இரண்டு தடவை ஓட்டிப் பார்த்தார். “பிளான் மாடிதங்கெ இதெ, சார்” என்றார் கடைசியில். திட்டம் போட்டுச் செய்தது மாதிரி இருக்கிறதாம். நான் விட்டுவிட்டு வந்த தொழிற்சாலையில் இதைவிடப் பெரிய பாராட்டு கிடையாது. இங்கே அதைச் சொல்லித்தான் என்னை சாமல்பட்டியில் பஸ் ஏற்றினார்கள்.

அதன் பிறகு என் சினிமா வாழ்க்கை என்பது பாதுகாப்புப் படங்கள். ஓசூர், கிருஷ்ணகிரி, பர்கூர் என்று எங்கே தொழிற்சாலை இருந்தாலும் புதிதாகச் சேருபவர்களுக்குக் காட்ட ஒரு படம் தேவைப்பட்டது. ஹெல்மெட் எப்படி மாட்டுவது, தீயணைப்பானின் ஊசியை எப்படிப் பிடுங்குவது, மெஷின் ஓடும்போது எங்கே கை வைக்கக் கூடாது. தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றிலும் குரல் கொடுக்க வேண்டும். எழுத்தை அணைக்காமல், ஒவ்வொரு காட்சிக்கும் இரண்டு தடவை சரிபார்த்து எடுப்பேன். யாருக்கும் ஒரு குறையும் இல்லை. யாரும் பெருமூச்சு விட்டதும் இல்லை. பெங்களூரிலிருந்து மட்டும் எப்போதாவது ஒரு மாணவர் போன் செய்து, அந்தப் பதினெட்டு நிமிடப் படத்தில் டர்னர் அவ்வளவு இயல்பாக இருப்பதற்கு என்ன செய்தீர்கள் என்று கேட்பார். பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தேன் என்பேன். அதுவும் பொய், அதைக்கூட நான் செய்யவில்லை. ஆனால் உள்ளுக்குள் ஒரு ஆசை விடவில்லை. என்ன இருந்தாலும் கேமரா இருந்தது என் கையில்தானே, ஏதோ ஒன்று என் வழியாக நடந்திருக்கலாம் இல்லையா என்று.

நாலு வருடம் கழித்து என் பழைய தொழிற்சாலையே பாதுகாப்புப் படத்துக்குக் கூப்பிட்டது. கண்ணாடி அணிந்து லேத் ஓட்டிக் காட்ட அவர்கள் அனுப்பியது அந்த டர்னரைத்தான். தலை கொஞ்சம் நரைத்திருந்தது. வேலை ஒழுங்காக நடந்தது. ஆக்‌ஷன் என்றதும் அழகாக ஓட்டிக் காட்டினார், ஒரு விறைப்பும் இல்லை. அது எனக்கு உறுத்தியது. டீ இடைவேளையில் மெஷின்கள் நின்றிருந்தபோது, பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கறுப்பு டேப், அணைத்த எழுத்து, மாற்றி அழுத்திய பொத்தான், புது மாதிரிப் படம் என்று நான் விட்ட கதை. உங்கள் குடும்பத்தைக் கேட்டுக்கு வெளியே உட்கார வைத்து எடுத்தது முழுக்க ஒரு தப்பு என்று சொன்னேன்.

அவர் டீயை ஆற்றிக் குடித்தார்.

“எனக்கு அன்னைக்கே தெரியும் சார்.”

எப்படி என்றேன்.

“மிஷினு பூரா நிப்பாட்டிக் கெடந்துச்சுல்லா. ஒங்க கேமரா ஒண்ணுதான் கிர்ருன்னு சத்தம் போட்டுச்சு. நீங்க ஆக்‌ஷன்னா நிக்கும், கட்டுன்னா ஓடும். ஓடுற மிஷினு எது, நிக்கிற மிஷினு எதுன்னு எனக்குத் தெரியாதா?”

ஏன் ஐயா சொல்லவில்லை என்றேன். கப்பைக் கீழே வைத்துவிட்டுப் பாதுகாப்புக் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார்.

“சினிமால அப்படித்தான் எடுப்பாவ போலன்னு நெனச்சேன். அதான் நீங்க ஆக்‌ஷன்னு சொல்லும்போது சும்மா நின்னேன். கட்டுன்னு சொன்ன பெறவுதான் சார் நடிச்சேன்.”